இக்போ ஊரில் விருந்தா? கிளம்பும் முன் இதைப் படியுங்கள்

நைஜீரியாவுக்கு வேலைக்கு வந்து சில மாதங்கள் ஓடியிருக்கும். பக்கத்து மேசை இக்போ நண்பர் (தென்கிழக்கு நைஜீரியாவின் பெரிய இனம் இக்போ) ஒரு நாள் பளபளக்கும் அட்டை ஒன்றை நீட்டுவார். தங்கைக்கு ஊரில் கல்யாணம், கட்டாயம் வரணும் என்பார். இங்கே அழைப்பிதழை 'ஐ.வி.' என்றுதான் சொல்கிறார்கள். வாங்கி வைத்த பிறகுதான் நமக்குக் கேள்விகள் முளைக்கும். என்ன உடுத்துவது, எவ்வளவு மொய், எப்போது போய்ச் சேருவது என்று.

அதெல்லாம் எளிது. நம்மவர்கள் தடுமாறுவது தட்டு முன்னால் வந்த பிறகுதான். சேர்ந்து சாப்பிட்டவர்கள் ஒருவருக்கொருவர் கெடுதல் நினைக்கக் கூடாது என்பது இக்போ வீடுகளில் எழுதாத ஒப்பந்தம். அதனால் அங்கே சாப்பிடாமல் இருப்பதும் ஒரு பேச்சு மாதிரிதான். 'உன்னை நான் நம்பவில்லை' என்று அது கேட்டுவிடக்கூடும். பண்டத்தை மறுக்கலாம், ஆனால் அது ஆளை மறுப்பதாகத் தெரியக் கூடாது. இதை முன்கூட்டி யாரும் எனக்குச் சொல்லவில்லை. நீங்களாவது தெரிந்துகொண்டு போங்கள்.

1. முதலில் தேதி, பிறகு டிக்கெட்

ஊர்க் கல்யாணங்களில் பெரும்பகுதி கிறிஸ்துமஸுக்கும் ஜனவரி முதல் வாரத்துக்கும் இடையில்தான் விழும். லாகோஸ், அபுஜா, வெளிநாடு என்று சிதறிக் கிடக்கும் சொந்தமெல்லாம் ஊர் திரும்பும் நேரம் அது. எனுகு, ஓவெரி, அசாபா, அனம்ப்ரா விமான நிலையங்களுக்கு டிக்கெட் விலை அப்போது கண்ணைக் கட்டும். அக்டோபரிலேயே வாங்கிவிடுங்கள். அதே மாதங்களில் சகாராவிலிருந்து ஹர்மட்டான் புழுதிக்காற்று வீசும். பனிமூட்டம் போல் வானம் மறைந்து விமானங்கள் தாமதமாகும், சில நாள் ரத்தாகும். ஆகவே முந்தின நாளே போய்ச் சேரும்படி திட்டமிடுங்கள்.

லாகோஸிலிருந்து சாலை வழி என்றால் முழுப் பகலையும் ஒதுக்க வேண்டும். ஒனிட்ஷாவில் நைஜர் ஆற்றுக்கு இரண்டாவது பாலம் திறந்தபின் நெரிசல் குறைந்திருக்கிறது. ஆனாலும் டிசம்பர் கடைசி வாரத்தில் எதையும் நம்ப முடியாது. இருட்டிய பிறகு சாலையில் இருக்காதீர்கள். இது ஒன்றை மட்டும் எந்த நண்பர் வற்புறுத்தினாலும் தளர்த்த வேண்டாம்.

திங்கட்கிழமையைத் தவிர்க்கப் பாருங்கள். 2021 ஆகஸ்ட் முதல் தென்கிழக்கு மாநிலங்களில் திங்கள்தோறும் வீடடங்கும் வழக்கம் ஒன்று ஆரம்பித்தது. கடைகள் மூடிவிடும், வண்டி ஓடாது. இப்போது இடத்துக்கு இடம் நிலைமை மாறுகிறது. போகும் ஊர் எப்படி என்று அங்கிருப்பவரிடமே கேளுங்கள். ஞாயிறு மாலை திரும்ப முடியாவிட்டால் செவ்வாய் என்று வைத்துக்கொள்வதுதான் புத்தி.

கல்யாணமாக இல்லாமல் புது யாம் கிழங்குத் திருவிழாவுக்கு அழைத்திருந்தால், அது ஆகஸ்டை ஒட்டி வரும். நாள் ஊருக்கு ஊர் வேறு. அரசரோ மூத்தவரோ முதல் கிழங்கை வெட்டிச் சாப்பிட்ட பிறகுதான் மற்றவர்கள் கை வைப்பார்கள். அதுவரை பொறுத்திருங்கள்.

2. கையில் இருக்க வேண்டிய காகிதங்கள்

தென்கிழக்குச் சாலைகளில் சோதனைச் சாவடிகள் நிறைய. பாஸ்போர்ட், 'செர்பாக்' என்ற குடியிருப்பு அட்டை, அலுவலக அடையாள அட்டை மூன்றையும் எடுத்துக்கொள்ளுங்கள். பாஸ்போர்ட்டின் விசாப் பக்கத்தை நகலெடுத்துத் தனிப் பையில் வையுங்கள். ஐ.வி.யையும் விட்டுவிடாதீர்கள். 'எங்கே போகிறாய்' என்ற கேள்விக்கு ஒரு கல்யாணப் பத்திரிகையை விட நல்ல பதில் கிடையாது. அதைப் பார்த்ததும் அதிகாரியின் முகம் மலர்வதுண்டு. 'கோலாவுக்கு ஏதாவது', அதாவது கொஞ்சம் கைக்காசு, என்று சிரித்துக்கொண்டே கேட்பதும் உண்டு. சிரித்துக்கொண்டே நகர்ந்துவிடுங்கள்.

நம் நாட்டிலிருந்து இந்த விருந்துக்கென்றே குடும்பத்தை வரவழைக்கிறீர்களா? மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசிச் சான்றிதழ் இல்லாமல் வேலைக்காகாது. பயணத்துக்குக் குறைந்தது 10 நாள் முன்பு ஊசி போட்டிருக்க வேண்டும். சென்னையில் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டிலும் துறைமுகச் சுகாதார அலுவலகத்திலும் போடுகிறார்கள். அங்கே வாரத்தில் சில நாள் மட்டுமே போடுவார்கள் என்பதால் முன்பதிவு செய்யாமல் போகாதீர்கள். ஒருமுறை போட்டால் ஆயுளுக்கும் செல்லும். நைஜீரியாவுக்குள் நுழையத்தானே என்று நினைத்து அட்டையை இங்கேயே போட்டுவிட்டுத் திரும்பினால், நம் ஊர் விமான நிலையத்திலும் அதைக் கேட்பார்கள். இல்லையென்றால் 6 நாள் வரை தனிமையில் வைக்க விதி இருக்கிறது.

3. துணி, கவர், பரிசு

செலவு மூன்று வழியாக வரும்.

பெரியது துணி. வீட்டார் ஒரே துணியைத் தேர்ந்தெடுத்து வேண்டியவர்களுக்கு விற்பார்கள். பெயர் அசோ எபி. நண்பர் 'துணி எடுக்கிறாயா' என்று கேட்டால் விலையைக் கேட்டுவிட்டுப் பதில் சொல்லுங்கள். முடியாவிட்டால் 'என்னுடைய நல்ல உடையில் வருகிறேன்' என்றால் போதும், வருத்தப்பட மாட்டார்கள். எடுத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டுப் பணத்தை இழுத்தடிப்பதுதான் கெட்ட பெயர். தையல்காரரிடம் மூன்று வாரம் முன்பே கொடுங்கள். டிசம்பர் தையல்காரரின் வாக்கு எந்த நாட்டிலும் ஒன்றுதான்.

ஆண்களுக்குச் சிங்கத்தலை அச்சிட்ட 'இசி அகு' சட்டையை இப்போது யாரும் போடலாம். ஆனால் சிவப்புத் தொப்பியை ஆசைக்கு வாங்கி மாட்டாதீர்கள். பல ஊர்களில் அது ஊர் மரியாதைப் பட்டம் பெற்றவர்களுக்குரியது. கடையில் கிடைக்கிறதே என்று போட்டுக்கொண்டு போனால், முகத்துக்கு நேரே சிரிப்பார்கள், முதுகுக்குப் பின்னால் 'யார் கொடுத்த பட்டம்' என்று கேட்பார்கள்.

இரண்டாவது கவர். இன்ன தொகை என்று இங்கே எழுதினால் அடுத்த மாதமே பொய்யாகிவிடும், நைராவின் நிலை அப்படி. உங்கள் பதவியில் இருக்கும் இன்னொரு ஊழியர் எவ்வளவு வைக்கிறார் என்று விசாரித்து அதையே வையுங்கள். ஊரில் வங்கி எந்திரத்தை நம்ப வேண்டாம். 'பி.ஓ.எஸ்.' என்ற அட்டை எந்திரத்தோடு குடையடியில் உட்கார்ந்திருக்கும் முகவர்கள் கமிஷன் பிடித்துக்கொண்டு பணம் தருவார்கள், விசேஷ நாட்களில் அதுவும் தீர்ந்துவிடும். நகரத்திலேயே எடுத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது, வீட்டுப் பெரியவருக்குக் கையில் ஏதாவது. போதையில்லாத மால்ட் பானம் ஒரு பெட்டி, அல்லது ஒரு பாட்டில் ஷ்னாப்ஸ் மது. இதைப் பெண்ணிடமோ மாப்பிள்ளையிடமோ கொடுக்காமல் குடும்பத்தின் மூத்த ஆணிடம் கொடுக்க வேண்டும். வலது கையால், முடிந்தால் இரண்டு கையாலும்.

4. சாப்பாட்டுப் பேச்சை ஒரு வாரம் முன்பே முடித்துவிடுங்கள்

சைவம் சாப்பிடுகிறவர்களும் மாட்டிறைச்சி தொடாதவர்களும் இந்தப் பகுதியை இரண்டு முறை படியுங்கள்.

பந்தியில் வருவது பெரும்பாலும் இப்படி இருக்கும். மரவள்ளியில் செய்த அக்பு அல்லது எபா, அல்லது இடித்த யாம் உருண்டை. கூடவே கசப்பிலை சேர்த்த ஒனுக்பு சூப், ஓஹா இலை சூப், எகுசி விதை சூப் இவற்றில் ஒன்று. பெயரைப் பார்த்தால் எல்லாம் கீரைக் குழம்பு மாதிரி இருக்கும். உள்ளே மாட்டிறைச்சி, மாட்டுத்தோல், 'ஒக்போரோகோ' என்ற காய்ந்த காட் மீன், மேலே கூனிப்பொடி. இந்தக் கூனிப்பொடியைத்தான் இங்கே கிரேஃபிஷ் என்கிறார்கள். அது இல்லாத சூப் அவர்களுக்குச் சூப்பே இல்லை. அதை அவர்கள் அசைவமாக எண்ணுவதும் இல்லை, உப்பு போல ஒரு சாமான். 'இறைச்சி வேண்டாம்' என்று மட்டும் சொன்னால் மீன் வரும். 'மீனும் வேண்டாம்' என்றால் கூனிப்பொடி போட்ட காய்கறிச் சூப் வரும். ஜொல்லோஃப் சோறுகூட இறைச்சி வேகவைத்த நீரில்தான் பல வீடுகளில் வேகும். மொய் மொய் என்ற பயற்றுக் கொழுக்கட்டைக்குள் முட்டையோ மீனோ ஒளிந்திருக்கும்.

எனவே நண்பரிடம் போனில் நான்கையும் தனித்தனியே சொல்லுங்கள்: இறைச்சி, மீன், கிரேஃபிஷ், சமையலில் கரைக்கும் கோழிச்சுவை மசாலாக் கட்டி. காரணம் கேட்டால் 'என் மதத்தில் இல்லை' என்று ஒரே வரி. இக்போ ஊர்கள் பெரும்பாலும் கிறிஸ்தவ ஊர்கள். மதக் கட்டுப்பாடு என்றால் அதற்கு மேல் யாரும் கிளற மாட்டார்கள். 'எனக்குப் பிடிக்காது' என்றால் பிடிக்கவைத்துத்தான் ஓய்வார்கள். 'வயிறு சரியில்லை' என்றால் மருந்தோடு வந்து நிற்பார்கள்.

கூடவே உங்களால் எது முடியும் என்பதையும் சொல்லிவிடுங்கள். மறுப்பை மட்டும் கேட்டால் அந்த வீட்டு அம்மாவுக்குக் கை ஓடாது. கேட்டு வாங்கக் கூடியவை: அவித்த அல்லது சுட்ட யாம், அதற்குத் தொட்டுக்கொள்ள மிளகாய் போட்ட செம்பனை எண்ணெய். பொரித்த வாழை. சோளமும் 'உபே' என்ற ஊதா நிறப் பழமும், இது மழைக்காலத்தில் மட்டும். காராமணியை அரைத்துப் பொரிக்கும் அகாரா. எனுகு பக்கம் என்றால் ஒக்பா, ஒருவகைப் பயற்று மாவை இலையில் கட்டி அவிப்பது. கிரேஃபிஷ் இல்லாமலும் இதைச் செய்வார்கள், ஆனால் கேட்டுவிட்டுச் சாப்பிடுங்கள். சூடான ஒக்பாவுக்காகவே எனுகு வழியாகப் போகலாம் என்பது என் தனிப்பட்ட கருத்து.

வேர்க்கடலை ஒவ்வாமை இருந்தால் அதையும் இப்போதே சொல்லுங்கள். ஏன் என்பது ஆறாவது எண்ணில் வருகிறது.

இத்தனை சொன்ன பிறகும், காலையில் கிளம்பும்போது வயிற்றுக்கு ஏதாவது போட்டுக்கொள்ளுங்கள். அட்டையில் பகல் 12 மணி என்றால் மாப்பிள்ளை வீட்டார் வந்து சேரவே 2 ஆகலாம். 'ஐட்டம் 7' வரும்போது மாலையாகிவிடும். நிகழ்ச்சி நிரலில் சாப்பாட்டுக்கு இங்கே வைத்திருக்கும் செல்லப் பெயர் அது.

5. வீட்டுக்குள் நுழைந்ததும்

பெரியவர் கை நீட்டும்வரை நீங்கள் கை நீட்டாதீர்கள். லேசாகக் குனிந்து வணங்குங்கள். ஊர் அரசர் இருந்தால் 'இக்வே' என்று சொல்லி வணங்கினால் போதும், கை கொடுக்க முயல வேண்டாம். வயதில் மூத்தவரை வெறும் பெயர் சொல்லி அழைக்காதீர்கள். பிள்ளை பெயரோடு சேர்த்து இன்னாரின் அம்மா, இன்னாரின் அப்பா என்பார்கள், நீங்களும் அப்படியே கூப்பிடலாம். 'ந்தேவோ' என்றால் வணக்கம், 'டாலு' என்றால் நன்றி. இந்த இரண்டு சொல்லுக்குக் கிடைக்கும் வரவேற்பு உங்கள் பரிசுப் பெட்டிக்குக் கிடைக்காது.

இடது கை விஷயத்தில் நமக்குப் பாடம் தேவையில்லை. கொடுப்பது, வாங்குவது, உண்பது எல்லாம் வலது கையால்தான்.

6. கோலா கொட்டை: இதில் மட்டும் அவசரம் கூடாது

விருந்து கோலா கொட்டையில்தான் ஆரம்பிக்கும். இக்போவில் 'ஓஜி'. நம் வீட்டில் வெற்றிலைபாக்குத் தட்டுக்கு உள்ள இடத்தை நினைத்துக்கொள்ளுங்கள், ஆனால் இங்கே அது முடிவில் இல்லை, முதலில் வருகிறது. அது வராமல் எந்தப் பேச்சும் முறையாகத் தொடங்கியதாகக் கணக்கில்லை.

நடக்கும் ஒழுங்கு இது. மரத்தட்டில் கொட்டைகளை வைத்து வீட்டுக்காரர் எடுத்து வருவார். தட்டு உறவு முறைப்படி ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்குப் போகும். உங்களிடம் வரும்போது பார்த்து, வலது கையால் தொட்டு, அடுத்தவருக்கு நகர்த்துங்கள். எடுத்துவிடாதீர்கள், அது இன்னும் பரிமாறப்படவில்லை. பலரும் சறுக்கும் இடம் இதுதான். சுற்றிவிட்டுத் தட்டு வீட்டுக்காரரிடமே திரும்பும். பிறகு அங்கிருப்பவர்களில் மூத்த ஆண் ஒரு கொட்டையைக் கையில் ஏந்தி வேண்டுதல் சொல்வார். இக்போ மொழியில் மட்டும்தான். ஓஜிக்கு ஆங்கிலம் புரியாது என்று சொல்வார்கள். 'பருந்தும் அமரட்டும், கழுகும் அமரட்டும்' என்ற வரி பெரும்பாலும் அதில் வரும். ஒவ்வொரு வேண்டுதலுக்கும் கூட்டம் 'இசே' என்று முழங்கும். நீங்களும் சேர்ந்து சொல்லுங்கள். இந்த நேரத்தில் போனைப் பார்ப்பதும் எழுந்து போவதும் கூடாது. தாமதமாக வந்து சேர்ந்தால் வேண்டுதல் முடியும்வரை வாசலிலேயே நில்லுங்கள்.

பிறகு உடைப்பார்கள். உள்ளே எத்தனை பிளவு என்று எண்ணுவார்கள். நான்கு வந்தால் நல்ல சகுனம், எகே, ஓரியே, அஃபோ, ந்க்வோ என்ற நான்கு சந்தை நாட்களோடு அதைச் சேர்த்துப் பேசுவார்கள். இரண்டே பிளவுள்ள வேறு இனக் கொட்டை சந்தையில் கிடைக்கும், சடங்குக்கு அது ஆகாது.

துண்டு உங்களிடம் வந்ததும் எடுத்துக்கொள்ளுங்கள். இதை மறுக்கவே மறுக்காதீர்கள். முழுச் சைவம்தான், எந்தச் சாக்கும் செல்லாது. கசக்கும், கஃபீன் உண்டு, மாலையில் நிறையத் தின்றால் இரவு கொட்டக் கொட்ட விழித்திருக்க வேண்டியதுதான். ஒரு சின்னக் கடி போதும். தொட்டுக்கொள்ள வேர்க்கடலையும் மிளகாயும் அரைத்த விழுது வைத்திருப்பார்கள். ஒவ்வாமைக்காரர்கள் கவனம். கூடவே பச்சையாகக் கடிக்கும் சின்னக் கத்தரிக்காய். அந்த விழுதோடு அது அருமை. முழுக் கொட்டை ஒன்றை உங்கள் கையில் கொடுத்தால் வீட்டுக்கு எடுத்துப் போவதற்கு. வீடு போய்ச் சேர்ந்த ஓஜி தான் எங்கிருந்து வந்தேன் என்று சொல்லும் என்பது அவர்கள் வழக்கு.

பெண்கள் ஓஜி உடைப்பதில்லை, வேண்டுதலும் ஆண்களுக்கே. இதை ஏற்காத இக்போப் பெண்கள் பலருண்டு, அவர்களோடு எனக்கும் ஒத்த கருத்துதான். ஆனால் முதல் முறை விருந்தாளியாகப் போகிற நீங்கள் அந்தச் சபையில் அதை விவாதமாக்க வேண்டாம்.

7. கள்

பனங்கள் காலையில் இனிக்கும், மாலையில் ஆளை அடிக்கும். ஊற்றிக் கொடுப்பவர் முதலில் தானே ஒரு வாய் குடித்துக் காட்டுவார், உள்ளே ஒன்றுமில்லை என்பதற்காக. குடிக்காதவர்கள் 'மால்ட்' என்று கேட்டால் போதும், யாரும் கட்டாயப்படுத்துவதில்லை. தண்ணீருக்கு மட்டும் மூடி திறக்காத பாட்டிலைக் கேளுங்கள்.

கல்யாணத்தின் உச்சம் கள்ளில்தான் இருக்கிறது. மணப்பெண் ஒரு கோப்பைக் கள்ளோடு கூட்டத்துக்குள் மாப்பிள்ளையைத் தேடி வருவாள். 'இங்கே கொடு, நான்தான் மாப்பிள்ளை' என்று வழிநெடுக ஆண்கள் கேலி செய்வார்கள். சிரிக்கலாம், கூப்பிடலாம். கோப்பையைத் தொடாதீர்கள். அவள் மண்டியிட்டு மாப்பிள்ளையிடம் கொடுக்க, அவன் குடித்தால் கல்யாணம் ஆனது.

8. தட்டு வந்தபின்

கை கழுவக் கிண்ணத்தில் தண்ணீர் வரும், மூத்தவர் முதலில். உருண்டையிலிருந்து சிறிது கிள்ளி, உருட்டி, கட்டைவிரலால் குழித்து, சூப்பில் தோய்த்து, மெல்லாமல் விழுங்க வேண்டும். நம் வாய் மெல்லத்தான் பார்க்கும். மென்றாலும் யாரும் கோபிக்க மாட்டார்கள், குழந்தைகள் மட்டும் சிரிக்கும். உருண்டை பெரிதாக இருந்தால் கை வைக்கும் முன்பே பாதி போதும் என்று சொல்லிவிடுங்கள்.

ஒரே தட்டில் பலர் உண்ணும்போது இறைச்சித் துண்டுக்கு முதலில் கை நீட்டுவது மூத்தவரின் உரிமை. 'உமுன்னா' என்ற பங்காளிக் கூட்டத்தில் வயது வரிசைப்படிதான் பங்கு. பங்கு பிசகியதால் ஆண்டுக்கணக்கில் பேசாமல் இருக்கும் குடும்பங்கள் உண்டு. உங்களுக்கும் ஒரு பங்கு வந்தால், சாப்பிடாவிட்டாலும் இரண்டு கையால் வாங்கி 'டாலு' சொல்லுங்கள். பிறகு ஓட்டுநருக்குக் கொடுத்துவிடலாம், அதில் பிழையில்லை. சபையிலேயே திருப்பிக் கொடுப்பதுதான் பிழை.

வழியில் யாராவது சாப்பிட்டுக்கொண்டே 'வா, சாப்பிடு' என்றால் அது மரியாதைச் சொல். நன்றி சொல்லி நகரலாம். உங்கள் முன்னால் கை கழுவத் தண்ணீர் வைத்துவிட்டார்கள் என்றால் அது நிஜ அழைப்பு, உட்கார்ந்துவிடுங்கள்.

9. பணத்தைப் பறக்கவிடாதீர்கள்

ஆடுகிறவர்கள் மேல் நோட்டுகளை வீசுவதை எல்லாக் கல்யாணத்திலும் பார்ப்பீர்கள். பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். நைஜீரிய மத்திய வங்கியின் 2007 சட்டத்தில் 21-ஆவது பிரிவு இதைக் குற்றமாக்கியிருக்கிறது. குறைந்தது 6 மாதச் சிறை, அல்லது 50,000 நைராவுக்குக் குறையாத அபராதம், அல்லது இரண்டும். 2024-இல் பிரபலம் ஒருவர் இதற்காகவே 6 மாதத் தண்டனை பெற்றார். மண்டபத்து வாசலில் புது நோட்டுக்கட்டு விற்பதும் அதே பிரிவில் வருகிறது, வாங்க நிற்காதீர்கள். யார் கையிலும் கேமரா இருக்கிறது, உங்கள் முகம் கூட்டத்தில் தனியாகத் தெரியும், குடியிருப்பு அட்டையும் உங்களுடையது. கவரை மணமக்கள் பக்கத்தில் நிற்கும் பெண்ணின் பையில் போடுங்கள், அல்லது வங்கி வழியாக அனுப்பிவிடுங்கள்.

10. அவர்கள் உங்கள் வீட்டுக்கு வரும்போது

மறுநாள் போன் செய்து நன்றி சொல்லியிருப்பீர்கள். சில வாரத்தில் அந்த நண்பரோ அவருடைய அண்ணனோ உங்கள் வீட்டுக்கு வருவார். வெள்ளைக்காரத்தனமாக நேரே டீயை நீட்டாமல் ஓஜியை வையுங்கள். சந்தையில் வாங்கும்போது 'ஓஜி இக்போ' என்றே கேளுங்கள், இல்லையென்றால் இரண்டு பிளவுக் கொட்டையைக் கட்டிவிடுவார்கள். வண்டு துளைத்ததும் சுருங்கியதும் வேண்டாம். ஈரம் காயாமலிருக்க இலையில் சுற்றித் தரச் சொல்லி அப்படியே வைத்தால் சில வாரம் தாங்கும். தட்டை நீங்கள் கொண்டுவந்து வைத்தால் போதும், வந்தவர்களில் மூத்தவரிடம் வேண்டுதலை ஒப்படைத்துவிடுங்கள். வீட்டில் ஓஜி இல்லாத நாளில் யாராவது வந்து நின்றால் அதை மறைக்காமல் முதல் பேச்சாகவே சொல்லிவிட்டு, கத்தரிக்காயோ பிஸ்கட்டோ வையுங்கள். அதையே ஓஜியாக எடுத்துக்கொள்வார்கள்.